பழைய தண்டில்தான் பூக்கும்

என் தம்பிக்கு ஒரு நல்ல குணம் உண்டு. கொடுத்த வாக்கைக் காப்பாற்றுவான். இதைப் பாராட்டு என்று யாரும் எடுத்துக்கொள்ள வேண்டாம். வாக்கைக் காப்பாற்றிக்கொண்டே ஒருத்தியின் அடிமடியில் கைவைக்க முடியும் என்பதை அவனிடம்தான் நான் தெரிந்துகொண்டேன்.

எங்கள் வீடு அம்மா எங்கள் இருவர் பேருக்கும் விட்டுப்போனது. ரயில் பெட்டி மாதிரி நீளமாக, ஒடுக்கமாக, ஒன்றன்பின் ஒன்றாக அறைகள். தெருவைப் பார்த்த முன்னறையில் தம்பி மனைவி பெண்களுக்கான பார்லர் நடத்துகிறாள். அதற்கு அடுத்த அறைகளில் தம்பி, அவள், அவர்கள் மகள். பிறகு சமையலறை. கடைசியில் நான். என் ஜன்னலுக்கு வெளியே, மதில் வரைக்கும், நாலு எட்டு வைத்தால் முடிந்துபோகிற ஒரு மண்துண்டு. அதைத் தோட்டம் என்று நான் சொல்வேன். 'பின்னாடி வேஸ்ட்டா கெடக்குற எடம்' என்று தம்பி சொல்வான்.

அவன் டைல்ஸ் ஒட்டுகிறவன். இந்த வட்டாரத்தில் பாதிக் குளியலறைகள் அவன் கைவண்ணம்தான். வெறும் மண்ணைப் பார்த்தால் அவனுக்குக் கை அரிக்கும். அவன் மனைவியை மனசுக்குள் நான் கத்திரி என்றுதான் கூப்பிடுவேன். வேலைக்குப் போடுகிற மேலங்கியின் பையில் எப்போதும் ஒரு கத்திரிக்கோல் இருக்கும். யாரிடம் பேசினாலும் முகத்தைப் பார்க்கமாட்டாள், முடியின் நுனியைத்தான் பார்ப்பாள். கெட்டவள் இல்லை. அதுதான் எனக்குத் தலைவலியே. கெட்டவளாக இருந்திருந்தால் எப்போதோ சண்டை போட்டு ஜெயித்திருப்பேன்.

பார்லருக்குக் கூட்டம் சேரச் சேர முன்னறை போதவில்லை. தலை கழுவுகிற தொட்டி வைக்க இடமில்லை. ஒருநாள் சாப்பிட்டுக்கொண்டிருக்கும்போது தம்பி ஆரம்பித்தான்.

"பின்னாடி ஒரு ரூம் எடுத்துரலாம்க்கா. செவுத்தை ஒட்டி அப்படியே மதில் வரைக்கும். சிமெண்டு, டைல்ஸ் எல்லாம் எங்கிட்டயே மிச்சம் கெடக்கு."

"என் ஜன்னல்?"

"அதுக்கென்ன? பளிச்சுன்னு ரெண்டு லைட்டு போட்டுத் தரேன். பகலே தோத்துரும்."

நான் வேலை பார்ப்பது ஒரு பெரிய மருத்துவமனையின் துணிக்கிடங்கில். வெளுத்து வருகிற படுக்கை விரிப்புகளை மடிக்க வேண்டும், கிழிந்ததைத் தைக்க வேண்டும், தைக்க முடியாததைக் கழிக்க வேண்டும், வார்டு வார்டாக அனுப்ப வேண்டும். எல்லாம் கட்டடத்தின் அடித்தளத்தில். அங்கே ஜன்னல் என்ற பேச்சே கிடையாது. மழையா வெயிலா என்பது மேலே இருந்து வருகிறவர்களின் செருப்பைப் பார்த்துத்தான் தெரியும். ஆயுளில் பாதியை டியூப்லைட்டின் கீழே கழித்தவளுக்கு இருக்கிற ஒரே ஜன்னலையும் அடைத்துவிட்டு, பதிலுக்கு டியூப்லைட்டே தருகிறேன் என்றான். குடும்பம் குட்டி இல்லாதவளுக்கு எல்லாமே கொஞ்சம் இருந்தால் போதும் என்று ஊர் உலகத்தில் ஒரு நினைப்பு. சோறு கொஞ்சம், இடம் கொஞ்சம், வெளிச்சமும் கொஞ்சம்.

"அங்க நான் செடி வைக்கப்போறேன்," என்றேன். அந்த நிமிஷம் வரைக்கும் எனக்கு அப்படி ஒரு எண்ணமே இருந்ததில்லை. வாய்க்கு வந்ததைச் சொன்னேன்.

சொன்ன வாய்க்குச் செடி வேண்டுமே. இந்த மண்ணிலேயே தானாக வளர்கிற செடிகளை மட்டும் விற்கிற ஒரு நாற்றுப்பண்ணை பஸ் போகிற வழியில் இருந்தது. மறுநாள் வேலை முடிந்ததும் அங்கே இறங்கினேன். இடம் கொஞ்சம்தான், மதிலில் ஏற வேண்டும், ஜன்னலிலிருந்து பார்த்தால் தெரிய வேண்டும் என்றேன். பண்ணைக்காரி ஒரு சின்னத் தொட்டியை எடுத்து நீட்டினாள். அதில் ஒரு தண்டு, நாலைந்து இலை.

"கிளெமாட்டிஸ் எடுத்துக்கங்க. தட்டு மாதிரி ஊதாப் பூவோட கடையில விப்பாங்களே, அது வெளியிலேர்ந்து வந்த ஜாதி. இது நம்ம காட்டுக்கொடி. பூ சின்னது, வெள்ளை. ஆனா பூத்துச்சுன்னா இலையைத் தேடணும்."

"எப்பப் பூக்கும்?"

"அவசரப்படாதீங்க. மொத ரெண்டு வருஷம் வேர்தான் பிடிக்கும். வேருக்கு நெழல் வேணும், தலைக்கு வெயில் வேணும். நட்ட எடத்துலேர்ந்து மாத்தாதீங்க. குளிருக்கு இலை கொட்டி, காஞ்ச சுள்ளி மாதிரி நிக்கும். செத்துப்போச்சுன்னு கையை வெச்சிராதீங்க. பழைய தண்டுலதான் பூக்கும்."

தொட்டியை மடியில் வைத்துக்கொண்டு பஸ்ஸில் வந்தேன். தம்பி அதைப் பார்த்துவிட்டுச் சிரித்த சிரிப்பு இன்னும் காதில் இருக்கிறது.

"இதுக்கா எடம் கேட்டே? இதை ஒரு டம்ளர்ல வெக்கலாமே!"

"சிரிக்காதடா. இது பூக்கும்."

"எப்போ?"

"மூணு வருஷம் ஆகும்."

அவன் மனைவியையும் மகளையும் ஒரு பார்வை பார்த்தான். விளையாட்டுக்கு என்றாலும் அவனுக்குச் சபை வேண்டும். "சரி, மூணு வருஷம் டைம். அதுக்குள்ள பூத்துச்சுன்னா அந்த மண்ணுல நான் கை வைக்க மாட்டேன், அது வருஷா வருஷம் பூக்கற வரைக்கும். பூக்கலைன்னா ரூம் கட்டிருவேன். அப்ப நீ வாயைத் திறக்கக் கூடாது."

"நான் சாட்சி!" என்றாள் அவன் மகள். வாலு என்று சின்ன வயதில் நான் வைத்த பெயர், இன்னும் வீட்டில் அப்படித்தான். அப்போதே அவளுக்குக் கல்லூரி முடியப்போகிற வயது. அவளைத் தூக்கி வளர்த்தது நான். கத்திரி வாடிக்கையாளர் தலையில் கைவைத்திருந்த நேரமெல்லாம் வாலு என் இடுப்பில் இருந்தாள். அதனால் அவள் சாட்சி என்றதும் எனக்குப் பாதி ஜெயித்துவிட்ட தெம்பு வந்தது.

கொடியை ஜன்னலுக்கு நேர் எதிரே, மதில் ஓரமாக நட்டேன். வேருக்கு நிழல் வேண்டும் என்றாளே, தம்பி ஒதுக்கிப் போட்டிருந்த உடைந்த டைல்ஸ் துண்டுகளை அடியில் பரப்பினேன். அதில் அவனுக்கு ஒரு பெருமை. கொடி ஏறுவதற்கு ஓர் இரும்புக் குழாயைக் கொண்டுவந்து அவனே ஊன்றினான். சும்மா சொல்லக் கூடாது, நூல் பிடித்த மாதிரி நேராக ஊன்றினான். ஆனால் கொடி அதைச் சட்டை செய்யவில்லை. இதற்குப் பற்றுக்கம்பி கிடையாது, இலைக்காம்பையே வளைத்துத்தான் பிடிக்கும். பென்சில் பருமனைத் தாண்டினால் அதற்குப் பிடி கிடைக்காது. குழாயில் சறுக்கிச் சறுக்கித் தரையில் விழுந்தது. கழித்த விரிப்புகளின் ஓரத்தைக் கிழித்து, முறுக்கிக் கயிறாக்கி, மதிலில் ஆணியடித்துக் குறுக்கும் நெடுக்குமாகக் கட்டினேன். அடுத்த வாரமே ஒரு காம்பு கயிற்றை ஒரு சுற்றுச் சுற்றியிருந்தது. அன்றைக்கு நான் வேலைக்குத் தாமதமாகப் போனேன்.

முதல் வருஷம் என் முழங்கால் உயரம்கூட வரவில்லை. "அக்கா, கொடி எங்க? ஓ, இதா? நூலுன்னு நெனச்சேன்," என்று வருகிறவர்கள் போகிறவர்களிடமெல்லாம் தம்பி காட்டுவான். இரண்டாவது வருஷம் மதிலைத் தொட்டது. மூன்றாவது வருஷம் கோடையில் பேய் மாதிரி வளர்ந்து, கயிறு போதாமல் ஜன்னல் கம்பியையே பிடிக்க வந்தது. தம்பியின் கேலி குறைந்துகொண்டே போனது. ஓய்வாக இருந்தால் அளவு டேப்பை எடுத்துக்கொண்டு பின்பக்கம் போய்விட்டு வருவான். சாப்பிடுகிற நேரத்தில் நான் கொடியைப் பற்றித்தான் பேசுவேன். குளிருக்கு இலை கொட்டினபோது, "பழைய தண்டுலதான் பூ வரும், கையை வெச்சிராதீங்க, எல்லாரும் கேட்டுக்கங்க," என்று சொல்லிச் சொல்லி எனக்கே அலுத்துவிட்டது. கத்திரி பெரும்பாலும் கடையில் நின்றபடியே சாப்பிட்டுவிடுவாள். தம்பி எதிரில்தான் உட்கார்ந்திருப்பான். தலையாட்டுவான்.

குளிர்காலம் என்றால் மருத்துவமனையில் படுக்கை காலியே இருக்காது. விரிப்புகள் மலையாகக் குவியும். காலையில் போனால் இருட்டித்தான் திரும்புவேன். அப்படி ஒருநாள் வீட்டுக்கு வந்தபோது கத்திரி சமையலறையில் ஒரு பாத்திரத் தண்ணீரில் இரண்டு கையையும் விட்டுக்கொண்டு நின்றாள். விரல்களெல்லாம் சிவந்து, புறங்கையில் கொப்புளம்.

"என்னம்மா இது, கையெல்லாம்?"

"தெரியலை அண்ணி. பகல்ல உங்க கொடியை வெட்டினேன். அதுலேர்ந்து எரியுது."

அறைக்கு ஓடி விளக்கைப் போட்டு ஜன்னலைத் திறந்தேன். கயிறுகள் மட்டும் மதிலில் இருந்தன. அடியில் டைல்ஸ் துண்டுகளுக்கு நடுவே ஒரு சாண் உயரத்தில் நாலு முளைக்குச்சி. மண்ணைச் சுத்தமாகப் பெருக்கியும் வைத்திருந்தாள்.

என் மூன்று வருஷம் போய்விட்டது என்று அந்த ஜன்னலில் நிற்கும்போதே தெரிந்தது. திரும்ப வந்தேன். கத்திரியின் கையை முறித்துப் போட்டுவிடலாம் போல ஆத்திரம். ஆனால் அந்தக் கை கொடியின் சாறு பட்டு ஏற்கெனவே வெந்து கிடந்தது. மருந்தை எடுத்து வந்து உட்கார்ந்து தடவிவிட்டேன். வேறு யார் செய்வார்கள்?

"கோவமா அண்ணி? நுனியெல்லாம் காஞ்சு, பொளந்து, பாக்கவே பாவமா இருந்துச்சு. கடையில நாங்க செய்யறதுதானே. நுனி பொளந்தா ஏத்தி வெட்டிருவோம், அப்பத்தான் அடர்த்தியா வளரும். நீங்களும் ராப்பகலா ஓடறீங்க. வந்து பாத்தா சந்தோஷப்படுவீங்கன்னு..."

"தலைமுடி இல்லைம்மா அது."

"நான் பாதியோட நிறுத்தத்தான் பாத்தேன். அவர்தான் ஏணியைப் பிடிச்சுக்கிட்டு, 'அடியோட ஒட்ட வெட்டு, அப்பத்தான் நல்லா வரும், அக்காவே சொல்லிருக்கா'ன்னாரு."

மருந்து தடவிக்கொண்டிருந்த என் கை நின்றது. அவளுக்குக் கடைசிவரை விளங்கவில்லை. எரிச்சல் குறைந்துவிட்டது, நீங்கள் கைராசிக்காரி என்றாள்.

தம்பி குளியலறை வாசலில் உட்கார்ந்து கரண்டியிலிருந்த காய்ந்த சிமெண்டைச் சுரண்டிக்கொண்டிருந்தான். நான் போய் நின்றதும் நிமிரவில்லை. அதிலேயே எனக்குப் பதில் கிடைத்துவிட்டது. இருந்தாலும் கேட்டேன்.

"உனக்குத் தெரியாதாடா?"

"என்னது?"

"பழைய தண்டுலதான் பூக்கும்னு."

"நீ ஆயிரம் சொல்வே. எல்லாத்தையும் நான் மனசுல வெச்சுக்க முடியுமா? இப்ப என்ன குடி முழுகிப்போச்சு? வெட்டினா வளராதா?"

"வளரும். பூக்காது."

"அப்போ பூக்கலை," என்றான். சுரண்டுவதை நிறுத்தவில்லை. "மூணு வருஷம்னுதானே பேச்சு?"

நான் கத்தியிருக்க வேண்டும். அம்மா பேரைச் சொல்லி, அவன் சின்ன வயதில் செய்த அத்தனையையும் சொல்லி, தெருவே கூடுகிற மாதிரி கத்தியிருக்க வேண்டும். இதை எழுதும்போது எத்தனையோ வார்த்தைகள் வருகின்றன. அன்றைக்கு ஒன்றும் வரவில்லை. பக்கத்து அறையில் கத்திரி வீங்கின கையோடு படுத்திருந்தாள். உன் புருஷன் உன் கையாலேயே என் கழுத்தை அறுத்தான் என்று அவள் காதில் விழுகிற மாதிரி எப்படிச் சொல்வது?

வெயில் காலம் வந்ததும் கொடி அடியிலிருந்து குபுகுபுவென்று கிளம்பியது. ஒரே இலை, ஒரு மொட்டு இல்லை. தம்பி சுண்ணாம்புப் பொடியால் தரையில் கோடு போட்டான். ஆனால் கத்திரி குறுக்கே விழுந்தாள்.

"என்னாலதானே போச்சு? இன்னும் ஒரு வருஷம் விடுங்க. இல்லைன்னா எனக்கு அந்த ரூமே வேணாம். அதுல நின்னு என்னால வேலை பாக்க முடியாது."

அவள் அழுதாள். நிஜமாகவே அழுதாள். தம்பி பெருந்தன்மையாகத் தலையைச் சாய்த்து, "சரி, போ. அக்காவுக்காக இன்னொரு வருஷம்," என்றான். பாதி வீட்டுக்குச் சொந்தக்காரியான நான் அவனுக்கு நன்றி சொன்னேன். அதை நினைத்தால் இன்றைக்கும் எனக்கு என்மேலேயே எரிச்சல் வரும்.

அந்தக் குளிர்காலத்தில் நான் யாரையும் நம்பவில்லை. பின்கதவுக்குப் பூட்டுப் போட்டு, சாவியை இடுப்பில் வைத்துக்கொண்டு வேலைக்குப் போனேன். "கொடிக்கு இசட் பிரிவு பாதுகாப்பு," என்று வாலு சிரித்தாள். குளிர் முடிந்து வெயில் ஏறியதும், காய்ந்து நார் உரிந்து தொங்கின அந்தச் சுள்ளிகளின் ஒவ்வொரு கணுவிலும் இரண்டிரண்டு பச்சைப் பொட்டு வந்தது. இலைக்கு முன்னாலேயே மொட்டு. எண்ணிப் பார்க்கலாம் என்று ஆரம்பித்து விட்டுவிட்டேன்.

ஒரு விடுமுறை நாள் காலையில் கண்விழித்தபோது அறைக்குள் வெளிச்சம் வேறு மாதிரி இருந்தது. மதிலே தெரியவில்லை. நாலே இதழ்கள் வைத்த சின்னச் சின்ன வெள்ளைப் பூக்கள், நடுவில் மெல்லிய நார்க்கொத்து, மதிலின் மேலும் கயிற்றின் மேலும் ஜன்னல் கம்பியின் மேலும். ஒரு கைக்குட்டை போட இடமில்லை. லேசான வாசனை, கிட்டப் போனால் மட்டும். தேனீக்கள் அதற்குள் வந்துவிட்டிருந்தன. நான் கட்டிலில் உட்கார்ந்து வெட்கமில்லாமல் அழுதேன். எனக்கென்று ஒன்று நடந்துவிட்டது என்ற சந்தோஷம். அப்படி ஒரு சந்தோஷம் எனக்கு அடிக்கடி வருவதில்லை.

அதோடு நிறுத்தியிருக்கலாம். பூட்டின கதவைப் பூட்டியே வைத்திருக்கலாம். ஆனால் ஜெயித்தவளுக்கு வாய் சும்மா இருக்குமா? நானே போய் எல்லோரையும் அழைத்துவந்தேன். தோட்டத்தில் நின்று பார்த்தால் வெயில் எதிரே அடிக்கும், கண் கூசும், பூ சரியாகத் தெரியாது. அதனால் என் அறைக்குள் கூட்டிவந்து, கட்டிலில் உட்காரவைத்து, "இங்கேர்ந்து பாருங்க," என்றேன்.

தம்பி பார்த்தான். "பூத்துருச்சு," என்றான். "பேச்சு பேச்சுதான். மண்ணுல கை வைக்க மாட்டேன்." அவ்வளவுதான் சொன்னான். ஆனால் அவன் பார்வை பூவில் இல்லை, ஜன்னல் சட்டத்தில் இருந்தது. நான் அதைக் கவனித்தேன். கவனித்தும் அந்த நேரத்துப் பூரிப்பில் அதைப் பொருட்படுத்தவில்லை.

கத்திரி வாயைப் பிளந்துவிட்டாள். "ஐயோ அண்ணி! இதைப் பாத்துக்கிட்டே இருக்கலாம் போல இருக்கே! உங்க ரூம்லேர்ந்து பாத்தாத்தான் அழகு."

அன்று சாயங்காலமே ஒரு வாடிக்கையாளரைக் கூட்டிவந்து காட்டினாள். மறுநாள் இரண்டு பேர். வாலு போட்டோ எடுத்து எங்கெங்கோ போட்டாள். அதற்குப் பிறகு தலைக்குச் சாயம் பூசி, பிளாஸ்டிக் உறை மாட்டின பெண்கள் சாயம் பிடிக்கிற நேரத்தைப் போக்க என் கட்டிலில் வரிசையாக உட்கார்ந்தார்கள். நான் வேலை முடிந்து வந்தால் தலையணையில் சாய வாசனை அடிக்கும். எனக்குக் கோபம் வரவில்லை. எல்லோரும் யார் வளர்த்தது என்று கேட்பார்கள், கத்திரி "எங்க அண்ணி!" என்று வாயெல்லாம் பல்லாகச் சொல்வாள், நானும் உச்சி குளிர்ந்துபோவேன். பூ உதிர்ந்ததும் விதைகள் வெள்ளைப் பட்டுக் குஞ்சம் மாதிரி நீண்டன. "அண்ணி, உங்க கொடிக்கு நரைச்சுப்போச்சு, டை அடிச்சு விடவா?" என்று கேட்டாள் கத்திரி. அதற்கும் சிரித்தேன்.

குஞ்சங்கள் காற்றில் பறக்கத் தொடங்கின சமயத்தில் ஒருநாள் தம்பி சாப்பாட்டுத் தட்டைத் தள்ளிவைத்துவிட்டுச் சொன்னான்.

"அக்கா, உனக்கு ஒரு நல்ல சேதி. தோட்டம் அப்படியே இருக்கும். அதுல ரூம் கட்டற பேச்சே இல்லை."

"அதான் அன்னைக்கே சொல்லிட்டியே."

"இரு, முழுசாக் கேளு. பார்லரை உன் ரூமுக்கு மாத்திரலாம்னு இருக்கோம். அந்த ஜன்னலை எடுத்துட்டு, தரை வரைக்கும் கண்ணாடி. தலையைத் தொட்டியில சாச்சுக்கிட்டே பூவைப் பாக்கலாம். முன்னாடி ரூம் காத்திருக்கிறவங்களுக்கு. வர்றவங்க எல்லாம் அதைத்தான் கேக்கறாங்க."

"அப்ப நான்?"

"சமையலறைக்குப் பக்கத்துல சாமான் ரூம் இருக்குல்ல? தரை, செவுரு எல்லாம் நானே டைல்ஸ் போட்டுத் தரேன். பளபளன்னு."

சாமான் அறைக்கு ஜன்னல் கிடையாது. அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். கத்திரி என் கையைப் பிடித்துக்கொண்டாள். "அண்ணி, நீங்க எப்ப வேணாலும் வந்து உக்காருங்க. உங்களுக்குத் தினமும் நானே தலை கழுவி விடறேன், அந்தக் கண்ணாடிகிட்ட உக்காரவெச்சு." அவள் மனசாரத்தான் சொன்னாள். எனக்கு அந்தக் கையை உதறத் தோன்றியது. உதறினேன்.

"வாக்குக் குடுத்தியேடா!"

"என்ன வாக்கு? மண்ணுல கை வைக்க மாட்டேன்னேன். வெச்சேனா?"

"கொடியை வெட்டிப் போட்டுருவேன். பூ இருந்தாத்தானே உனக்கு என் ரூம் வேணும்? ஒவ்வொரு குளிருக்கும் வெட்டுவேன்."

"வெட்டுக்கா," என்றான் நிதானமாக. "பூக்கலைன்னா மண்ணு என்னுது. நான் அதுல ரூமைக் கட்டிட்டுப் போறேன். எனக்கு ரெண்டும் ஒண்ணுதான்."

பூத்தால் அறை போகும், பூக்காவிட்டால் மண் போகும், எப்படிப் போனாலும் ஜன்னல் போகும். இப்படி ஒரு கண்ணியைத் தம்பி உட்கார்ந்து யோசித்துப் பின்னவில்லை. அந்த அளவுக்கு அவனுக்குச் சாமர்த்தியம் கிடையாது. ஒவ்வொரு முடிச்சையும் நான்தான் போட்டுக் கொடுத்திருக்கிறேன்.

"இது என் வீடும்தான்," என்றேன். இத்தனை வருஷத்தில் அதை நான் வாய்விட்டுச் சொன்னது அதுதான் முதல் தடவை. குரல் உடைந்து, பிச்சை கேட்கிற மாதிரி வந்தது.

"யாருக்கா இல்லைன்னது? பாதி உன்னுதுதான்." தம்பி குரலை உயர்த்தவில்லை, பாசமாகவே பேசினான். "ஆனா உனக்கப்புறம் யாருக்கு? சொல்லு. வாலுக்குத்தானே? அவளும் இப்ப அம்மாகூட இதே தொழில்லதான் நிக்கறா. நாங்க என்ன, எங்களுக்கா செய்யறோம்?"

நான் வாலுவைப் பார்த்தேன். அவள் சுவரோரமாக நின்றுகொண்டிருந்தாள். எனக்கு வேறு யாரும் வேண்டாம், அவள் ஒருத்தி போதும். 'அத்தை ரூம் எனக்கு வேணாம்ப்பா' என்று ஒரு வார்த்தை. அவள் சொன்னால் அவன் கேட்பான், அவள் சொல்லி அவன் தட்டினதே இல்லை. அது அவளுக்கும் தெரியும். அவள் என்னை ரொம்ப நேரம் பார்த்தாள். கண் கலங்கியிருந்தது. நான் அந்தக் கண்ணை நம்பிக் காத்திருந்தேன்.

"அத்தை," என்றாள். "கட்டிலை நான் மாத்தித் தரேன். நீங்க தனியாத் தூக்காதீங்க, முதுகு பிடிச்சுக்கும்."

அடுத்த விடுமுறை நாளில் மாற்றினோம். தம்பிக்கு எங்கோ வேலை இருந்தது, கத்திரிக்குக் கடையில் கூட்டம். கட்டில் பழைய காலத்து மரம், கனம் அதிகம், ஒரு ஆளால் தூக்க முடியாது. வாலு தலைமாட்டைப் பிடித்தாள். கால்மாட்டை நான் பிடித்தேன்.